எண்ணூர்க் கழியில் கண்டல் நடுவதற்கு முன்

கொசஸ்தலையாற்றுக் கரையிலும் காட்டுக்குப்பம், முகத்துவாரக்குப்பம் பக்கமும் கண்டல் (அலையாத்தி மரம்) நடலாம் என்று கிளம்புகிறவர்கள் பெரும்பாலும் நாற்று எங்கே கிடைக்கும் என்றுதான் முதலில் விசாரிக்கிறார்கள். அந்த இடத்தில் ஓதம் (கடல்நீரின் ஏற்ற இறக்கம்) எவ்வளவு உயரம் ஏறுகிறது, எவ்வளவு நேரத்தில் வடிகிறது என்று விசாரித்திருந்தால் வடசென்னையில் செத்துப்போன நாற்றுகளில் பாதி பிழைத்திருக்கும். கண்டல் காட்டைத் தீர்மானிப்பது மண்ணின் உயரம். மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான்.

சென்னைக் கடற்கரையில் ஓதம் சிறியது. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் இடையே ஏறக்குறைய 1 மீட்டர். அஷ்டமி, நவமியில் அதில் பாதிகூடத் தேறாது. கழிக்குள்ளே போகப்போக இன்னும் குறையும். சராசரிக் கடல்மட்டத்துக்குச் சற்று மேலே தொடங்கி, பெரிய ஏற்றம் தொடும் கோட்டோடு கண்டலின் இடம் முடிந்துவிடும். உயரக் கணக்கில் பார்த்தால் அது அரை மீட்டர் அளவுக்கான பட்டைதான். அனல்மின் நிலையச் சாம்பல் குழம்பு வழிந்து 15 சென்டிமீட்டர் படிந்தாலே அந்தப் பட்டையில் கணிசமான பங்கு போய்விடுகிறது. நேற்றுவரை தினமும் நனைந்த சேறு, மாதத்தில் சில நாட்கள் மட்டும் நனையும் மேடாகிறது. இடையில் வெயில் காய்ந்து உப்பு பூக்கிறது. பிறகு அங்கே வேலிக்காத்தான்தான் வரும். வேலிக்காத்தான் செழித்து நிற்கும் இடத்தில் அதை வெட்டிவிட்டுக் கண்டல் நட்டால், பணமும் உழைப்பும் வீண். உமரிச் செடி மட்டும் படர்ந்திருக்கும் இடம் எல்லைக்கோடு. அங்கே வாய்க்கால் வெட்டினால் வழி உண்டு.

உயரத்தை அளக்கப் பெரிய கருவி வேண்டாம். கொத்தனார் பயன்படுத்தும் மட்டக்குழாய் போதும். அருகில் தானாக வளர்ந்த, நல்ல நிலையில் உள்ள வெண்கண்டல் (இங்கே நடவுக்கு ஏற்ற கண்டல் இனம்) கூட்டம் ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். அதில் ஆற்றுப் பக்கம் கடைசியாக நிற்கும் மரத்தின் அடி, கரைப் பக்கம் கடைசியாக நிற்கும் மரத்தின் அடி, இரண்டையும் குறித்துக்கொள்ளுங்கள். அந்த இரண்டு மட்டங்களையும் குழாய் வழியே நடப்போகும் இடத்துக்குக் கொண்டுபோய்க் கம்பு ஊன்றி வண்ணம் தடவுங்கள். இரண்டு குறிக்கும் நடுவே வரும் தரைதான் நடவுத் தரை. பிறகு ஒரு பௌர்ணமியிலும் ஒரு அஷ்டமியிலும் நீர் எந்தக் கம்புவரை வருகிறது, எப்போது வடிகிறது என்று பார்த்துவிடுங்கள். இடையில் சாலையோ கரையோ குறுக்கிட்டால், ஒரே உயரமாக இருந்தாலும் ஓதம் ஒரே மாதிரி வராது.

இந்தக் குறுக்கீடுதான் எண்ணூரில் அதிகம் கெடுப்பது. சாலைக்கு அடியில் போடும் குழாய் சின்னதாக இருக்கும். அதன் அடிமட்டம் தரையைவிட உயரமாகவும் இருக்கும். பெரிய ஏற்றத்தில் நீர் உள்ளே வந்துவிடும், திரும்பிப் போகாது. சித்திரை, வைகாசியில் அந்தக் குட்டை சுண்டச் சுண்ட உப்பு ஏறும். கடல்நீரில் லிட்டருக்குச் சுமார் 35 கிராம் உப்பு. வெண்கண்டல் அதைத் தாங்கும்: வேரிலேயே பெரும்பகுதி உப்பைத் தடுத்துவிடும், மிஞ்சியதை இலைச் சுரப்பிகள் வழியே வெளியேற்றும். வெயில் நேரத்தில் இலையைத் தடவினால் உப்புத்துகள் கையில் ஒட்டும். ஆனால் அதற்கும் அளவு உண்டு. ஒன்றரைச் சாண் ஆழத்துக்குத் தோண்டி, ஊறிவரும் நீரை உப்பளவு மானியில் பாருங்கள். லிட்டருக்கு 60 கிராமுக்கு மேல் காட்டினால் அங்கே நாற்று வைக்க வேண்டாம். வளர்ந்த மரம் சமாளித்தாலும் குருத்து கருகிவிடும்.

பிச்சாவரத்தில் நடந்ததும் இதுதான். கூப்பு முறையில், அதாவது காட்டைப் பகுதி பகுதியாகப் பிரித்து, மொட்டையாக வெட்டியபோது வெயில் நேரே சேற்றில் விழுந்தது. ஈரம் இழந்த மண் அமுங்கித் தொட்டி போல் குழிந்தது. உள்ளே நின்ற நீர் உப்பாகி மறுபடி எதையும் முளைக்கவிடவில்லை. எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் அங்கும் முத்துப்பேட்டையிலும் செய்தது, கழியிலிருந்து ஒரு முதன்மை வாய்க்காலும் அதிலிருந்து இரண்டு பக்கமும் சாய்வாகக் கிளை வாய்க்கால்களும் வெட்டி ஓதத்தை உள்ளே அழைத்து வந்ததுதான். மீன்முள் வாய்க்கால் என்று சொல்வார்கள். பக்கச் சுவர் சரிவாக இருக்க வேண்டும், செங்குத்தாக வெட்டினால் முதல் மழையில் சரியும். தோண்டிய சேற்றை வாய்க்கால் ஓரம் நீளக் கரையாகக் குவிக்காதீர்கள். மறுபடி நீரைத் தடுத்துவிடும். மெல்லியதாகப் பரப்புங்கள், அல்லது இடைவெளி விட்டுக் குவியுங்கள். நாற்று போக வேண்டிய இடம் அந்தச் சரிவின் நடுப்பகுதி: ஏற்றத்தில் நனையும், வற்றத்தில் காற்று வாங்கும். வாய்க்கால் தூர்ந்துபோகும், ஆண்டுக்கொருமுறை தூர்வார ஆள் இல்லையென்றால் வெட்டவே வேண்டாம்.

ஓதம் சரியானதும் உடனே நடவு செய்ய அவசரப்படாமல் ஒரு மழைக்காலம் காத்திருப்பது நல்லது என்பது என் உறுதியான கருத்து. பக்கத்தில் தாய்மரம் இருந்தால் விதை மிதந்து தானே வரும். வெண்கண்டல் காய் மரத்திலேயே முளைவிடத் தொடங்கி, தோல் மூடியபடி விழும். தோலோடு நீரில் மிதந்துபோய் ஒதுங்கும், பிறகு தோல் கழன்றுவிடும். ஒதுங்கிய இடத்தில் சில நாட்கள் அலை தூக்காமல் இருந்தால் வேர் பிடித்துக்கொள்ளும். இப்படி வந்தவை கை வைத்து நட்டவற்றைவிட நன்றாக நிற்கும், ஏனென்றால் உயரத்தை நீரே தேர்ந்தெடுத்திருக்கிறது.

விதை வராத இடத்தில்தான் நடவு. வடகிழக்குப் பருவமழையை ஒட்டிய மாதங்கள் சரியானவை. ஆற்றில் நன்னீர் வரும், சேற்றின் உப்பு இறங்கும். விழுந்த காய்களைச் சேகரித்து, கழிநீரிலேயே ஊறப்போட்டுத் தோல் உரிந்த பிறகு, வேர்முனை கீழே இருக்கும்படி மூன்றில் ஒரு பங்கு மட்டும் சேற்றில் செருகுங்கள். முழுவதும் புதைத்தால் அழுகும். நாற்றுப்பையில் வளர்ப்பதானால் கழிச் சேற்றையே நிரப்புங்கள், தோட்டத்துச் செம்மண் வேண்டாம். நாற்றங்காலை நன்னீரிலேயே வைத்திருந்துவிட்டு நேரே கழியில் நட்டால் இலை உதிரும். கடைசிச் சில வாரங்கள் படிப்படியாக ஓத நீருக்குப் பழக்குங்கள். இடைவெளி ஒரு மீட்டர் போதும். இனம் வெண்கண்டல்தான். நீள விதையைக் குத்தி வைப்பது சுலபம், படத்தில் அழகாகத் தெரியும் என்பதற்காகச் சுரபுன்னையை வெட்டவெளியில் வைப்பதை இங்கே நிறையப் பார்க்க முடிகிறது. அது வாய்க்கால் ஓரத்துத் தாழ்வான, குழைந்த சேற்றுக்கு உரியது.

வற்றத்தில் தெரியும் திறந்த சேற்றுத்திட்டைக் காலியிடம் என்று நினைத்து நட்டுவிடாதீர்கள். அங்கே உள்ளான் பறவைகள் மேயும், பெண்கள் கையால் தடவி இறால் பிடிப்பார்கள். பிழைப்பு நடக்கும் இடம் அது. அங்கே நாற்றும் நெடுநேரம் மூழ்கிக் கிடந்து சாகும்.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு கழியில் எண்ணெய் பரவியபோது பட்ட அடி வேறு விதம். வெண்கண்டலின் மூச்சுவேர்கள் சேற்றிலிருந்து பென்சில் கனத்தில் மேலே நீட்டிக்கொண்டிருக்கும். அவற்றின் மேல் உள்ள நுண்துளைகள் வழியேதான் அடிவேருக்குக் காற்று போகிறது. எண்ணெய் பூசினால் துளை அடைந்து மரம் மூச்சுத் திணறும். இலை மஞ்சளாவது சில வாரமோ மாதமோ கழித்துத்தான் தெரியும், அதனால் முதல் பத்து நாளில் பச்சையாக இருப்பதை நம்பக்கூடாது. கூட்டமாக உள்ளே இறங்கித் துடைப்பது கெடுதல். மிதித்தால் மேலே இருக்கும் எண்ணெய் சேற்றுக்குள் போய்ப் பல ஆண்டு தங்கும். மிதக்கும் எண்ணெயை விளிம்பிலேயே எண்ணெய் உறிஞ்சும் துணியால் எடுத்து, ஏற்ற நேரத்தில் படகிலிருந்து கழிநீரை மெதுவாகப் பீய்ச்சிக் கழுவுவதே ஓரளவு பாதுகாப்பானது.

நட்ட பிறகு முதல் ஆண்டில் இரண்டு வேலை விடாமல் இருக்கும். மாடும் எருமையும் வெண்கண்டல் இலையை விரும்பித் தின்னும். மூங்கில் தடுப்போ, மேய்ப்பவரோடு ஒரு பேச்சோ தேவை. தண்டில் கொட்டலசு (ஓடுள்ள சிறு கடலுயிரி) ஒட்டினால் எடை கூடி நாற்று சாயும், கையால் மெல்ல உரித்துவிடலாம். ஆனால் கொட்டலசு அடிக்கடி அடர்ந்து ஒட்டுகிறது என்றால் அந்த நாற்று நீரில் அளவுக்கு மீறி மூழ்குகிறது என்று பொருள். உரித்துக்கொண்டே இருப்பதைவிட, அடுத்த வரிசையை ஒரு சாண் உயரத்தில் வையுங்கள்.