ஒவ்வோர் உறுப்புக்கும் ஒரு பொழுது

தொலைக்காட்சி நாடகத்துக்குக் கதை எழுதும் எங்களுக்கு நோய்கள் புதிதல்ல. புற்றுநோய், மாரடைப்பு, மறதிநோய் எல்லாம் எழுதியாகிவிட்டது. அவற்றில் பாதி விஷயம் பார்ப்பவர்களுக்கே தெரியும் என்பதால் மீதியை எழுதினால் போதும். உலகத்தில் இல்லாத ஒரு நோயை உருவாக்கச் சொன்னால் வேலையே வேறு மாதிரி ஆகிவிடுகிறது. சென்ற தொடருக்கு எனக்கு வந்தது அப்படி ஒன்று: உடம்புக்குப் பொழுது தெரியாமல் போகும் நோய். நோயாளி, சிங்கப்பூரின் ஈசூன் வட்டாரத்தில் மனைவி, மகள், தாயாருடன் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டில் வசிக்கும் ஓர் இரவுநேரப் பாதுகாவல் அதிகாரி.

கதைக் குழுவில் முதலில் வந்த யோசனைகள் கண்ணைக் கவர்பவை. அவருக்கு ஒரு மணி நேரம் ஒரு நிமிடமாகத் தோன்றும். சுவர்க் கடிகாரம் பின்னோக்கி ஓடும். ஒரே இரவில் தலை நரைக்கும். நான் ஒத்துக்கொள்ளவில்லை. கற்பனை நோய்க்குத்தான் உண்மையான நோயைவிடக் கடுமையான விதிகள் வேண்டும். இல்லாவிட்டால் எழுதுபவருக்கு வசதியான நேரத்தில் நோய் கூடும், வசதியான நேரத்தில் குறையும். பார்ப்பவர்கள் அதைக் கண்டுபிடித்துவிடுவார்கள்.

விதிகளைத் தேடும்போதுதான் மிஷேல் சிஃப்ரைப் பற்றிப் படித்தேன். 1962இல், 23 வயதில், அந்தப் பிரெஞ்சு ஆய்வாளர் ஆல்ப்ஸ் மலையில் ஒரு குகைக்குள் கடிகாரம் இல்லாமல் இரண்டு மாதம் தனியாக இருந்தார். செப்டம்பர் 14ஆம் தேதி வெளியே வரச் சொன்னபோது அவர் கணக்கில் ஆகஸ்ட் 20தான் ஆகியிருந்தது. உள்ளே இருக்கும்போது, விநாடிக்கு ஒன்றாக 120 வரை எண்ணச் சொன்னார்கள். அவர் எண்ணி முடிக்க ஐந்து நிமிடம் பிடித்தது. ஆனால் அவர் தூங்கி விழித்த நேரங்களைப் பார்த்தால், உடம்பு ஏறக்குறைய இருபத்துநான்கரை மணி நேரத்துக்கு ஒரு நாளை ஒழுங்காக நடத்தியிருக்கிறது. மனம் இருபத்தைந்து நாளைத் தொலைத்திருக்கிறது, உடம்பு தொலைக்கவில்லை. அதாவது நேரம் போவதை உணர்வது ஒன்று, பொழுதுக்கேற்ப உடம்பு இயங்குவது இன்னொன்று. நம் நோய் எதைக் கெடுக்கிறது என்பதை முதலில் முடிவு செய்தாக வேண்டும்.

இரண்டாவதைக் கெடுப்பது என்று வைத்துக்கொண்டேன். மருத்துவத் தகவல்களைச் சரிபார்க்க எங்களுக்கு உதவிய தாதி ஒருவர் ஒரு காகிதத்தில் உடம்பை வரைந்து காட்டினார். மூளையின் அடியில், கண் நரம்புகள் குறுக்கிடும் இடத்துக்குச் சற்று மேலே, சுமார் 20,000 நரம்பணுக்கள். கண்ணில் படும் வெளிச்சத்தை வைத்து அவை நேரத்தைத் திருத்திக்கொள்கின்றன. அப்புறம் கல்லீரல், கணையம், குடல் என்று ஒவ்வொன்றிலும் ஒரு வட்டம் போட்டு, அவற்றுக்கும் தனித்தனிக் கடிகாரம் உண்டு என்றார். கல்லீரலுக்கு வெளிச்சத்தைவிட நாம் சாப்பிடும் நேரம்தான் பெரிய சேதி. "இதெல்லாம் ஒண்ணுக்கொண்ணு சேதி சொல்லிக்கிட்டே இருக்கணும் அக்கா. அது நின்னா அதான் உங்க நோய்" என்று மூளையிலிருந்து இறங்கும் கோடுகளைப் பேனாவால் அடித்துக் காட்டினார்.

அந்தக் காகிதம் இன்னும் என் கோப்பில் இருக்கிறது. தொடரின் நோய் முழுக்க அதில்தான் பிறந்தது. எந்தக் கடிகாரமும் பழுதில்லை. மூளைக்கு விடிந்திருக்கும், கல்லீரலுக்கு நள்ளிரவு, குடலுக்குச் சாயங்காலம். ஒரே கூரைக்குக் கீழ் பேச்சுவார்த்தை இல்லாமல் வாழும் குடும்பம்போல.

இயக்குநருக்கு ஒரு குறை. மாதங்கள் கடப்பதைக் காட்சியில் காட்ட வேண்டும் என்றார். சிங்கப்பூரில் எதைக் காட்டுவது? நிலநடுக்கோட்டுக்கு ஒரு பாகைதான் வடக்கே இருக்கிறோம். ஆண்டின் நீண்ட பகலுக்கும் குறுகிய பகலுக்கும் பத்து நிமிட வித்தியாசம்கூட இல்லை. எல்லா மாதமும் ஏழு மணியை ஒட்டித்தான் விடிகிறது. அதுவும் கடிகாரம் முன்னால் ஓடுவதால். 1982 ஜனவரி 1 அன்று அரை மணி நேரம் முன்னே தள்ளி வைத்தார்கள். அதனால் இங்கே சூரியன் உச்சிக்கு வருவதே ஏறக்குறைய ஒரு மணிக்குத்தான். குளிரோ இலையுதிர்வோ இல்லாத ஊரில் பொழுது தப்பிய ஒருவர் எதைப் பார்த்துத் தன்னைச் சரிசெய்துகொள்வார்? எனக்கு இது குறையாகத் தெரியவில்லை. கதைக்குக் கிடைத்த வரமாகவே தெரிந்தது. நோயாளிக்கு மிஞ்சுவது மற்ற மனிதர்களின் நேரம் மட்டும்தான்: கீழ்த்தளத்தில் பள்ளிப் பிள்ளைகளின் சத்தம், தாயாரின் விளக்கு, மனைவி சோற்றுப்பானையைக் கழுவும் ஓசை.

இதை நேரில் பார்க்கத்தான் எங்கள் புளோக்கின் காவல் அங்கிளுடன் ஒரு காலை காப்பிக் கடைக்குப் போனேன். பன்னிரண்டு மணி நேர இரவு வேலை முடித்து வந்திருந்தார். பக்கத்து மேசையில் பரோட்டாவும் தே தாரேக் தேநீரும். அவர் முன்னால் சோறு, மீன் குழம்பு, முட்டைக்கோஸ். குழம்பை ஊற்றிப் பிசைந்தார், இரண்டு வாய் சாப்பிட்டார், தட்டைத் தள்ளி வைத்தார். பசிக்கிறது, ஆனால் இறங்க மாட்டேன் என்கிறது என்றார். வீட்டில் படுக்கையறைச் சன்னலுக்குக் கறுப்புக் குப்பைப் பையை வெட்டி ஒட்டியிருக்கிறாராம். கம்பிக்கும் கண்ணாடிக்கும் நடுவே ஒரு கீற்று வெளிச்சம் மட்டும் எப்படியோ உள்ளே வந்துவிடுகிறது, சரியாகக் கண்மேல் விழுகிறது என்று விரலால் அளந்து காட்டினார். நான் கற்பனை என்று எழுதிக்கொண்டிருந்ததில் முக்கால்வாசி அந்தத் தட்டில் இருந்தது. சுழல்முறை வேலையில் இருப்பவர்களுக்கு இப்படிப்பட்ட முரண் நாள்தோறும் நடக்கிறது. நான் அதைக் கொஞ்சம் கூட்டி, திரும்பி வரும் வழியை மட்டும் அடைத்துவிட்டேன்.

ஒத்திகையில் நடிகரை 120 வரை எண்ணச் சொன்னோம். சிஃப்ரைப் போல அல்ல, சரியான வேகத்தில். எங்கள் நோயாளிக்கு மனக்கணக்கு தவறுவதில்லை என்பதுதான் விதி. மருத்துவர் விநாடிமுள்ளைப் பார்க்கிறார், இவர் பிசகாமல் எண்ணுகிறார், எண்ணும்போதே சாப்பாட்டு நேரம் வந்துவிட்டதாக வயிறு கத்துகிறது. அறிவுக்கு நேரம் தெரிந்தும் உடம்பு கேட்கவில்லை. அந்தக் காட்சியைக் குறைக்கச் சொன்னார்கள். குறைக்கவில்லை. தொடரிலேயே அதுதான் எனக்கு வேண்டிய காட்சி.

கடைசிப் பகுதியில் மருந்து கண்டுபிடிக்கலாம் என்று பேச்சு வந்தது. அதற்கு முன் பிரதியை அங்கிளுக்கு வாசித்துக் காட்டினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எல்லாம் சரிம்மா. ஆனா ராத்திரி வேலைக்குப் போறது நானா இருந்தாலும் தூக்கம் கெட்டது என் வீட்டுக்காரிக்கும்தான். அவங்களை ஏன் நல்லா தூங்க விட்டிருக்கே?" என்றார்.

மருந்துக் காட்சியை எடுத்துவிட்டோம். கடைசி மூன்று பகுதிகளை மனைவியின் பக்கத்திலிருந்து திரும்ப எழுதினேன். கணவனுக்குப் பசிக்கும் நேரத்தையெல்லாம் அவர் நாட்காட்டியில் குறிக்கத் தொடங்குகிறார், எந்த வேளையில் குடும்பமாகச் சேர்ந்து உட்கார முடியும் என்று தேடுகிறார். ஒரு வியாழன், அதிகாலை நான்கரை மணிக்கு அப்படி ஒரு வேளை அமைகிறது. மகள் பள்ளிச் சீருடையில் வந்து உட்காருகிறாள்.