மழையை நிறுத்தும் குறி

அந்தக் கேள்விக்கு நான் சொன்ன பதில் தவறில்லை என்றுதான் இன்னமும் நினைக்கிறேன். அப்படி நினைக்கிற ஆள் இதை உட்கார்ந்து எழுதுவானேன் என்று கேட்டால், அதுவும் நியாயம்தான்.

நாங்கள் செய்துகொண்டிருந்த மொபைல் கேமின் டெஸ்டிங்கில் இருந்த பெண் கேட்டது இவ்வளவுதான்: “அண்ணா, மழையை வரவைக்கக் குறி இருக்கு. நிறுத்த ஏன் இல்ல?”

“அது இருந்தா மூணாவது லெவலே கிடையாதும்மா” என்றேன்.

ஆட்டத்தின் மந்திரக் குறிகள் முழுக்க என் பொறுப்பு. ஆர்ட் டீமுக்கு ஐஸ்லாந்துக் குறிகள் மாதிரி வேண்டும். எட்டுக் கைகள், நுனியில் கவைகள், பார்த்ததுமே மந்திரம் என்று தெரிந்துவிடும். அவற்றில் ஒன்றான வெக்விசிர் குறியைக் கையில் பச்சை குத்தியிருந்த ஒருவர் அதை வைக்கிங் காலத்துச் சின்னம் என்று நம்பிக்கொண்டிருந்தார். அது கிடைப்பது 1860-இல் தொகுத்த ஒரு கையெழுத்துப் பிரதியில் என்று நான் சொன்னதை அவர் ரசிக்கவில்லை.

நான் எடுத்தது ‘உண்மை விளக்கம்’ என்ற சைவ சித்தாந்த நூலை. நிலத்துக்கு நாற்கோணம், நீருக்குப் பாதி மதி, தீக்கு முக்கோணம், காற்றுக்கு அறுகோணம், ஆகாயத்துக்கு வட்டம். நிறம்கூட அங்கேயே இருக்கிறது: பொன், வெண்மை, சிவப்பு, கருமை, புகை. விரலால் திரையில் வரைய இதைவிடத் தோதாக என்ன கிடைக்கும்? (அவசரமாக வரைந்த பிறையை மென்பொருள் வட்டம் என்று எடுத்துக்கொண்டு மழைக்குப் பதில் வானத்தைத் திறந்து காட்டியது தனிக்கதை.) பிறை வரைந்தால் மழை. அதன் மேல் அறுகோணம் போட்டால் புயல். முக்கோணம் போட்டால் மூடுபனி. நிறுத்துவதற்கு ஒன்றும் வைக்கவில்லை, தெரிந்தேதான் வைக்கவில்லை. ஆறு ஏற ஏற ஊர் ஜனத்தை மேட்டுக்குக் கொண்டுபோவதுதான் அந்த லெவல். ஒரு கோடு இழுத்து மழையை நிறுத்திவிட முடிந்தால் யார் படகைத் தள்ளுவார்கள்?

அவள் விவாதம் செய்யவில்லை. “எங்க வீடு முடிச்சூர்ணா” என்று மட்டும் சொன்னாள்.

2015 டிசம்பர், சென்னை வெள்ளம். ஒரே நாளில், முடிச்சூருக்குப் பக்கத்துத் தாம்பரத்தில் 49 சென்டிமீட்டர் மழை. அந்த எண் எனக்கு மனப்பாடம், ஏனென்றால் ஆட்டத்தில் மழையின் உச்ச அளவுக்கு அதைத்தான் வைத்திருந்தேன். அதை அவளிடம் சொல்லவில்லை. அதற்குப் பதிலாக வேறென்னவெல்லாமோ பேசினேன். வருணன் மதுரையை அழிக்க ஏழு மேகங்களை அனுப்பியபோது சிவன் மழையையா நிறுத்தினார்? நான்கு மேகங்களை மாடங்களாக்கி ஊரை மூடினார், அதனால்தான் நான்மாடக்கூடல். கண்ணனும் மலையைக் குடையாகத்தான் பிடித்தான். வெக்விசிரை எடுத்துக்கொள், அதை வைத்திருப்பவன் புயலில் வழி தவறமாட்டான் என்றுதான் எழுதியிருக்கிறது, புயல் ஓயும் என்று இல்லை. மழைக்கு ஒதுங்க இடம் கேட்பதுதான் மனுஷ வழக்கம் என்றேன்.

நல்ல வாதம். இன்றைக்கும் யாராவது கேட்டால் இதையேதான் சொல்வேன்.

“நாங்க ராத்திரி முழுக்க மொட்டை மாடியில உட்கார்ந்து, மழை நிக்கணும்னுதான் வேண்டிக்கிட்டோம்” என்றாள். அப்புறம் ஹெட்போனை மாட்டிக்கொண்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டாள்.

மொட்டை மாடி என்பதே ஒதுங்குகிற இடம்தானே என்று பஸ்ஸில் போகும்போது எனக்குள் ஒரு பதில் எழுந்தது. நல்லவேளை, அப்போது எதிரில் அவள் இல்லை. ஆனால் அதோடு விடவும் முடியவில்லை. மழையை அழைக்க நம்மிடம் எத்தனை இருக்கிறது: வருண ஜபம், அமிர்தவர்ஷினி ராகம், கொடும்பாவி இழுப்பது, கழுதைக் கல்யாணம். போகச் சொல்ல, பள்ளிக்கூடத்தில் கற்றுக்கொண்ட ‘ரெயின் ரெயின் கோ அவே’ தவிர எனக்கு எதுவும் நினைவுக்கு வரவில்லை. காய்ந்த நிலத்துக்காரர்கள் செய்துவைத்த பட்டியல் இது, ஏரிக்கரையில் மனை வாங்கியவர்களுக்காக அதில் யாரும் எதையும் சேர்க்கவில்லை. நானும் சேர்க்கவில்லை என்று சொன்னால் அது கொஞ்சம் மிகையாகத் தெரிகிறது. ஒரு மொபைல் கேம் அது, அவ்வளவுதான்.

நிறுத்தும் குறி கடைசியில் வந்தது. நான் வைக்கவில்லை, வருமானம் பார்க்கிறவர்கள் வைத்தார்கள். முப்பது விநாடி விளம்பரம் பார்த்தால் முப்பது விநாடி மழை நிற்கும். ஒரு மீட்டிங்கில் ஆட்சேபித்தேன், அடுத்ததில் அந்தக் குறியின் வடிவத்தை வரைந்து கொடுத்தேன்: பிறையின் குறுக்கே ஒரு கோடு. சிவனும் கண்ணனும் அந்த மீட்டிங்கில் என் வாயில் வரவில்லை. சம்பளம் வாங்குகிற இடத்தில் எல்லாவற்றுக்கும் சண்டை போட முடியாது. அவளிடம் மட்டும் அத்தனை நேரம் பேச முடிந்திருக்கிறதே என்றால், அவள் ஜூனியர், கேட்டுக்கொண்டிருந்தாள்.

வெளியிடுவதற்கு முன் புது டெஸ்டர் ஒருவர் பிழை ஒன்றைப் பதிவு செய்தார்: மழை நின்ற பிறகும் ஆறு ஏறுகிறது. எனக்கு வருவதற்குள் அவளே அதை மூடியிருந்தாள். காரணம் என்ற இடத்தில், “இது பிழை இல்லை. ஏரியைத் திறந்தால் அப்படித்தான் ஏறும்” என்று எழுதியிருந்தாள்.

எங்கள் ஆட்டத்தில் ஏரியே கிடையாது. ஆற்றின் கணக்கில் நிஜமாகவே பிழைதான் இருந்தது. நான் அதைத் திருத்தவில்லை.