பழுப்புக் கடலில் ஒரு பச்சை அலை

பவளம் பார்க்க அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலக் கடற்கரைக்குப் போகலாம் என்றதும் என் தோழி சிரித்தாள். சிரித்ததில் நியாயம் இருக்கிறது. ஆற்று வண்டலும் சதுப்புச் சேறும் கலந்த அந்தக் கடல் பழுப்பாகத்தான் இருக்கும். கரையோரம் பவளப் பாறையும் கிடையாது. நான் தேடிப் போனதோ பாறை கட்டாத மென்பவளம். பெயர் ரெனில்லா, ஆங்கிலத்தில் சீ பேன்ஸி. ஒளி உண்டாக்கும் அதன் நொதியை ஆய்வகத்தில் வருடக்கணக்காகச் செலவழித்திருக்கிறேன். உயிரோடு பார்த்ததில்லை, அவ்வளவுதான்.

அட்லாண்டாவிலிருந்து மெரிடியன் படகுத்துறை வரை நாலஞ்சு மணி நேர ஓட்டம். அப்புறம் படகு. சாப்பலோ தீவுக்குப் பாலம் இல்லை. அங்கிருக்கும் ஒரே ஊர் ஹாக் ஹம்மக். மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் வழிவந்த கல்லா கீச்சி மக்கள் அங்கே வாழ்கிறார்கள். அவர்களில் ஒரு பெரியவர் வீட்டில் தங்கினோம். நானிகோட் கடற்கரைக்குக் கூட்டிப்போனவரும் அவர்தான்.

இங்கே ஓதம் இரண்டு மீட்டருக்கு மேல் ஏறி இறங்கும். அதனால் கடல் வற்றியதும் மணல் வெகுதூரம் விரிந்து கிடக்கிறது. முந்தின நாள் அடித்த வாடைக்காற்றில் சிப்பிகளோடு சிப்பியாக ரெனில்லாக்களும் ஒதுங்கியிருந்தன. ஊதா நிறம், காம்போடு கிள்ளிப் போட்ட சின்ன வெற்றிலை மாதிரி வடிவம்.

“இதுக்காடீ இவ்வளவு தூரம் வண்டி ஓட்ட வெச்சே?” என்றாள் தோழி.

ஈரமணலில் பாதி புதைந்து, உயிரோடு இருந்த ஒன்றின் பக்கத்தில் மண்டியிட்டு உட்கார்ந்தேன். ஆழமில்லாத குட்டை நீரில் அதன் மேற்பரப்பெங்கும் வெள்ளை வெள்ளையாகப் பாலிப்புகள் என்ற குட்டி உயிர்கள் விரிந்திருந்தன. ஒவ்வொன்றுக்கும் எட்டு உணர்கொம்புகள். பார்க்க ஒரே உயிர்போல இருந்தாலும் இது ஒரு கூட்டுக்குடும்பம்தான். முதலில் பிறந்த பாலிப் தட்டாகவும் மணலில் ஊன்றும் தண்டாகவும் மாறிவிடுகிறது. மற்றவை அதன்மேல் முளைத்தவை. சில இரை பிடிக்கும். சில தண்ணீரை உள்ளே இழுத்தும் வெளியே விட்டும் தட்டை உப்பவும் சுருங்கவும் வைக்கும். அந்த ஊதா நிறம் திசுவுக்குள் இருக்கும் சுண்ணாம்பு ஊசிகளுடையது.

இரவில் மறுபடி கடல் வற்றியபோது போனோம். டார்ச்சை அணைத்துவிட்டுக் கண் பழகும்வரை காத்திருந்தோம். விரல் நுனியால் லேசாகத் தொட்டேன். தொட்ட இடத்தில் பச்சை ஒளி கிளம்பி, தட்டின் ஓரம்வரை அலையாகப் பரவி அணைந்தது. இன்னொரு தொடல், இன்னொரு அலை. பாலிப்புகளையெல்லாம் இணைக்கும் நரம்பு வலை வழியாகச் செய்தி ஓடுவதைக் கண்ணாலேயே பார்க்கலாம். தோழி அதற்குப் பிறகு வண்டி ஓட்டிய கதையை எடுக்கவில்லை.

என்னை வியக்க வைத்தது அந்தப் பச்சை நிறம். எங்கள் சோதனைக் குழாயில் இதே நொதி நீல ஒளியைத்தான் தரும். அதாவது சுமார் 480 நானோமீட்டர் அலைநீளம். உயிருள்ள ரெனில்லாவில் நரம்புத் தூண்டலால் கால்சியம் கூடுகிறது. உடனே ஒரு புரதம் தான் பிடித்துவைத்திருந்த சீலென்டெரசைன் என்ற மூலக்கூறை விடுவிக்கிறது. லூசிஃபெரேஸ் என்ற அந்த நொதி அதை ஆக்சிஜனோடு சேர்க்கிறது. அதில் பிறக்கும் ஆற்றல் நீல ஒளியாக வெளியேறுமுன்பே பக்கத்திலிருக்கும் பச்சை ஒளிர்புரதத்துக்குக் கைமாறிவிடுகிறது. அதனால் வெளியே வருவது 509 நானோமீட்டர் பச்சை. படித்திருந்தேன்தான். ஆனாலும் வருடக்கணக்கில் கருவி காட்டும் எண்களை மட்டுமே பார்த்தவளுக்கு அது புதிது.

இந்த வேதியியலில் பெரும்பகுதியைப் பிரித்துக் காட்டியவர் ஜார்ஜியா பல்கலைக்கழகத்தின் மில்டன் கார்மியர். அதே பல்கலைக்கழகத்தின் கடல் ஆய்வு நிலையம் 1953 முதல் இந்தத் தீவின் தென்முனையில்தான் இருக்கிறது. 1991-ல் கார்மியர் குழு லூசிஃபெரேஸின் மரபணுவைப் பிரித்து வெளியிட்டது. அப்புறம் பவளத்தை அரைத்து நொதி எடுக்கும் தேவை போயிற்று.

இன்றைக்கு அது ஆய்வகங்களில் மின்மினியின் லூசிஃபெரேஸோடு ஜோடி சேர்ந்து வேலை செய்கிறது. ஒரு மரபணு எவ்வளவு இயங்குகிறது என்பதை மின்மினியின் ஒளியால் அளப்போம். செல்களின் எண்ணிக்கை கூடினாலோ குறைந்தாலோ அந்தக் கணக்கு தப்பும். அதைச் சரிசெய்ய, எப்போதும் ஒரே சீராக ஒளிரும்படி ரெனில்லா நொதியையும் கூடவே வைப்போம். மின்மினி நொதிக்குச் செல்லின் ஆற்றல் மூலக்கூறான ஏடிபி வேண்டும், இதற்கு வேண்டாம். தேவைப்படும் மூலக்கூறும் வேறு. ஆகவே ஒரே குழாயில் இரண்டையும் தனித்தனியே அளக்க முடிகிறது.

இதைவிட எனக்குப் பிடித்தது, பவளம் செய்யும் அதே கைமாற்றத்தைக் கடன் வாங்கிய உத்தி. ஒரு புரதத்தோடு ரெனில்லா நொதியையும், இன்னொன்றோடு மஞ்சள் ஒளிர்புரதத்தையும் ஒட்டிவிடுவார்கள். இரண்டும் சுமார் 10 நானோமீட்டருக்குள் நெருங்கினால் ஒளியின் நிறம் மாறும். 1999-ல் நீலப்பச்சைப் பாக்டீரியாவின் உயிர்க்கடிகாரப் புரதத்தில் இதைச் செய்து காட்டினார்கள். செல்லில் மருந்து வந்து ஒட்டும் புரதமான ஏற்பியில் அது என்ன செய்கிறது என்று பார்க்க இப்போது இது சர்வசாதாரணம்.

போக நினைப்பவர்களுக்கு: நினைத்தவுடன் படகேற முடியாது. சுற்றுலாவில் முன்பதிவு வேண்டும், அல்லது தீவுக்காரர் யாராவது அழைத்திருக்க வேண்டும். சாப்பாட்டைக் கையோடு கொண்டுபோங்கள். நிலா இல்லாத இரவாக, கடல் வற்றும் நேரம் பார்த்து நாளைக் குறியுங்கள். பவளத்தைத் தொட்டுப் பாருங்கள், பிடுங்காதீர்கள்.