பெரியம்மா லயத்துல ஒரு பாலைவன நகரம்

கண்டி ஸ்டேஷன்ல ஏறும்போதே சீட் இல்ல, கதவுகிட்ட நின்னுக்கிட்டு ஹட்டன் வரைக்கும் போன்ல ஆர்கிடெக்ட் பாவ்லோ சொலேரி பத்தி படிச்சிக்கிட்டே வந்தேன். 1919ல இத்தாலியில பொறந்தவரு, அமெரிக்கா போய் ஃபிராங்க் லாயிட் ரைட்ங்கற பெரிய ஆர்கிடெக்ட்கிட்ட வேல பழகினவரு. ஊரு கட்ட அவரு சொன்ன வழிக்கு பேரு ஆர்க்காலஜி, அது இதான்: ஊர பக்கவாட்டுல பரப்பாத, நெருக்கி ஒசத்திக் கட்டு, வேலைக்கு நடந்து போ, கார் வேணாம், மிச்ச மண்ண பயிருக்கும் காட்டுக்கும் விட்ரு. 1970ல அரிசோனா பாலைவனத்துல ஆர்கோசாண்டின்னு 5,000 பேருக்கு ஒரு ஊரு கட்ட ஆரம்பிச்சாங்க, காசுக்கு வெண்கல மணி வார்த்து வித்தாங்க, மாணவங்க வந்து வந்து கான்கிரீட் போட்டாங்க, 2013ல மனுஷன் போயிட்டாரு, ஊரு இன்னும் முடியல.

நாவலப்பிட்டி தாண்டி ரயில் முக்கி முக்கி ஏறும்போது கீழ லயம் தெரிஞ்சிச்சு, தேயிலத் தோட்டத்து ஆளுங்களுக்கு வரிசையா கட்டிவிட்ட வீடுங்க. திக்குன்னு ஆயிருச்சு. ஒட்டி ஒட்டி வீடு, சுத்தி பயிரு, வேலைக்கு நடை, கார் இல்ல... சொலேரி கேட்டதெல்லாம் வெள்ளக்காரன் காலத்துலயே எங்களுக்கு குடுத்துட்டாங்களே!

ஹட்டன்ல இறங்கி பஸ், ஆட்டோ, அப்புறம் அட்டைக்கடியோட நடை. பெரியம்மா வீடு அதே 10க்கு 12 அடி காம்பராதான் (ஒரே ரூம்), முன்னால இஸ்தோப்புன்னு ஒரு திண்ண. தேத்தண்ணி குடிச்சிக்கிட்டே ஆர்கோசாண்டி போட்டோ காட்டினேன், பானைய பாதியா வெட்டி வச்ச மாதிரி தெற்க பாத்த கான்கிரீட் கூரை, குளிர் காலத்துல சூரியன் தாழ வரும்போது வெயில் உள்ள வரும், கோடையில உச்சிக்கு போனா நிழல். (நம்ம ஊர்ல இது எடுபடாது, வருஷம் முழுக்க சூரியன் தலைக்கு மேலதான், நமக்கு மழைக்கு நீட்டுன கூரைதான் வேணும்.)

"நல்லாத்தான் இருக்கு. செவரு யாருக்கு சொந்தம்?"ன்னாங்க பெரியம்மா.

நான் முழிச்சேன்.

"பக்கத்து காம்பராவுல இருமுனா எனக்கு முழிப்பு வருது. ஒனக்கு நெருக்கம் புடிச்சா வந்து ஒரு மாசம் இருந்து பாரு." அவங்க காத்துக்கிட்டு இருக்கிறது 7 பேர்ச் அளவு சின்னக் காணியில தனி வீட்டுக்கு. சொலேரிக்கு புடிக்காததே அந்த தனித்தனி வீடுதான். ஆளுக்கு ஒரு எடத்துல சரிவ வெட்டுனா மலைக்கும் ஆகாதுதான், ஆனா 2014 ஒக்டோபர் 29ல கொஸ்லாந்த மீரியபெத்த தோட்டத்துல மண்சரிவு வந்து மண்ணுக்குள்ள போனது லயங்கதானே. அப்போ நெருக்கமா இருந்தா மட்டும் போதாது, எந்த எடத்துல கட்டுறாங்க, யாரக் கேட்டு கட்டுறாங்கங்கறதும் இருக்குல்ல.

முந்தின நாள் கண்டியில வட்டபுளுவ பக்கம் சுத்துனது ஞாபகம் வந்திச்சு. 1958ல அங்க வீட்டுத் திட்டம் போட்ட மினெட் டி சில்வா, கண்டியில பொறந்த ஆர்கிடெக்ட், குடிவரப்போற சனங்ககிட்ட கேள்வித்தாள் குடுத்து அவங்களுக்கு என்ன வேணும்னு கேட்டுட்டுதான் பிளான் போட்டாங்க. எனக்கு சொலேரிய விட இவங்கதான் பெரிய ஆளா தெரியுது, சண்டைக்கு வராதீங்க.

"ஒங்கள யாராச்சும் கேட்டாங்களா பெரியம்மா?"

சிரிச்சாங்க. அப்புறம் ரொட்டி மாவு கொட்டிக் கெடந்த பலகையில வெரலால கோடு போட ஆரம்பிச்சாங்க. "அடுப்படி இந்த ஓரத்துல, பொக அந்தப்பக்கம் போயிரும். ஜன்னல் தண்ணி புடிக்கிற பீலிக்கரைய பாத்து இருக்கணும், யாரு வர்றா போறான்னு தெரியணும்ல..."

மழ வலுத்துச்சு. இன்னும் கொஞ்சம் மாவு தூவினாங்க, கக்கூஸ் எங்க வைக்கிறதுன்னு யோசிக்க.