மெரூன் ரிப்பன்

நவம்பர் 5
மறுபடியும் அந்த ரிப்பன். ஆவணப்படத்தில் தனக்கு நடந்ததைச் சொல்லும் பிள்ளையின் முகத்தை மறைத்தாயிற்று, குரலையும் மாற்றியாயிற்று. மடித்துக் கட்டிய ரெட்டைப் பின்னலில் மெரூன் மட்டும் பளிச்சென்று நிற்கிறது. அந்த ஊரில் மெரூன் என்றால் எந்தப் பள்ளி என்று பரோட்டாக் கடைக்காரருக்கும் தெரியும். "கலரை மாத்திடலாம்க்கா" என்கிறான் எடிட்டர் தம்பி. நீலமாக்கினால் பக்கத்து ஊர்ப் பள்ளி. அங்கே ஒரு பிள்ளையைத் தேட ஆரம்பிப்பார்கள்.

நவம்பர் 6
அந்தப் பள்ளியிலிருந்து போன் இல்லை.

நவம்பர் 7
பணம் போடுகிறவர்கள் வந்து பார்த்தார்கள். மிட்டாயோடு வரும் முகம் தெரியாத ஆள் ஒருத்தன் வேண்டுமாம், அப்போதுதான் ஜனங்களுக்குப் பயம் வருமாம். 2007-இல் வந்த மத்திய அரசு ஆய்வில், கேட்ட பிள்ளைகளில் 53.22 சதவீதம் பேர் ஏதோவொரு பாலியல் தொல்லையைச் சொல்லியிருந்தார்கள். செய்தவர்களில் பாதிப் பேர் தெரிந்தவர்கள், பிள்ளை நம்பியவர்கள். அதைச் சொன்னேன். "குடும்பத்தோட உக்காந்து பாக்கணும்ல மேடம்" என்றார் ஒருவர். பார்க்கட்டும். சித்தப்பாவும் வந்து உட்காரட்டும்.

நவம்பர் 8
தூக்கமில்லை. லோன் வேண்டுமா என்று அழைப்பு வந்தால்கூட நெஞ்சு அடித்துக்கொள்கிறது.

படத்தைப் போட்டுக் காட்டிய பள்ளியில், மைக் ஒயரைச் சுற்றிக்கொண்டிருந்த என் உதவியாளரிடம் வந்து வேறொரு பிள்ளை சொன்னது நாலே வார்த்தை. ஊர் எழுத மாட்டேன். பிள்ளைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டம், 19-ஆவது பிரிவு: தெரியவந்தவர் யாராக இருந்தாலும் சொல்லியே ஆகணும். குழந்தைகள் உதவி எண் 1098-க்கு அழைத்தாயிற்று, ஸ்டேஷனிலும் எழுதிக் கொடுத்தாயிற்று. வாக்குமூலம் வாங்கும் அதிகாரி சீருடையில் இருக்கக் கூடாது என்கிறது 24. ஜீப்பைப் பற்றி அதில் ஒன்றும் இல்லை. அவள் வீடு இருப்பது முட்டுச்சந்து. ஜீப் திரும்ப இடம் கிடையாது, ரிவர்ஸிலேயே ஹாரன் அடித்துக்கொண்டு வரணும். எல்லா வாசலிலும் ஆள் நிற்கும்.

அவளுடைய ரிப்பன் வெள்ளை.

நவம்பர் 9
சாப்பிட்டேன். அம்மா கேட்டதற்காக.

நவம்பர் 10
மெரூன் ரிப்பன் பிள்ளையின் அப்பா கையெழுத்துப் போட்ட சம்மதத் தாளை வக்கீலிடம் காட்டினேன். "முகத்தைக் காட்டுங்க, எம்புள்ள என்ன தப்பு பண்ணுச்சு?" என்று கேட்டுவிட்டுத்தான் போட்டார். செல்லாதாம். பெயர், படம், பள்ளி, குடும்பம், அக்கம்பக்கம் எதுவும் வெளியே தெரியக் கூடாது, 23-ஆவது பிரிவு. பிள்ளைக்கு நல்லது என்று தோன்றினால் சிறப்பு நீதிமன்றம் அனுமதிக்கலாம், அவ்வளவுதான். சட்டம் சரிதான். அவருக்கு என்ன பதில் சொல்ல?

நவம்பர் 11
கறுப்பு வெள்ளையாக்கிப் பார்த்தோம். கண்ணீர் அஞ்சலி வீடியோ மாதிரி இருக்கிறது. பிள்ளை உயிரோடு கபடி ஆடிக்கொண்டிருக்கிறாள்! வெட்டு என்றேன். இனி கைகள் மட்டும். பேசப் பேச ஜாமெட்ரி பாக்ஸைத் திறப்பதும் மூடுவதுமாக இருக்கிறாள். 'மாமா' வருமிடத்தில் மட்டும் மூடியை இரண்டு கட்டைவிரலாலும் அழுத்திப் பிடிக்கிறாள், நகம் வெளுக்கிறது. இதை விட்டுவிட்டா ரிப்பனோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தோம்?

ராத்திரி: மூடிக்குள் ஒட்டிய டைம்டேபிளில் பள்ளிப் பெயர். கடவுளே. மங்கலாக்கணும்.

நவம்பர் 12
போன் இல்லை. ஜீப் போனதா?

நவம்பர் 13
நாளை திரையிடல். போக்சோ நடைமுறைக்கு வந்ததும் இதே குழந்தைகள் தினத்தில்தான், 2012-இல். மேடையில் யாராவது அதைச் சொல்லாமல் விடமாட்டார்கள். மிட்டாய் ஆளைத் தனி விளம்பரமாக எடுக்கப்போகிறார்களாம். எடுக்கட்டும்.

11.20. தலைமையாசிரியர் கூப்பிட்டார். எஸ்.ஐ. அம்மா சுடிதாரில், ஸ்கூட்டியில் வந்தாராம். பிள்ளையின் அம்மா என்னோடு பேசணுமாம். திட்டுவதற்கா, வேறெதற்காவதா, அவருக்கும் தெரியவில்லை. நம்பர் கொடுத்தார். ரிங் போகிறது