பேச்சிமோ: ஜூன் மாதக் குறிப்புகள்

2025 ஜூன் 1, ஞாயிறு

கனடாவில் ஹட்சன்ஸ் பே கம்பெனியின் கடைசிக் கடைகளுக்கும் இன்று பூட்டுப் போடுகிறார்கள். 1670-இல் இங்கிலாந்து அரசர் இரண்டாம் சார்லஸ் கொடுத்த சாசனத்தில் தொடங்கிய கம்பெனி. கிழக்கிந்தியக் கம்பெனியை நினைத்துக்கொண்டால் நமக்குச் சட்டென்று புரியும். இங்கே மிளகும் துணியும், அங்கே விலங்குத் தோல்.

செய்திகளில் கோடு போட்ட கம்பளியையும் அங்காடியையும்தான் காட்டுகிறார்கள். எனக்கு நினைவுக்கு வந்தது அந்தக் கம்பெனியின் ஒரு சரக்குக் கப்பல், பேச்சிமோ. ஆளில்லாமல் 38 ஆண்டு ஆர்க்டிக் கடலில் சுற்றியது என்று பலரும் அதைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். அதற்கு முன்னால் அது உழைத்த காலம் அந்தக் கதைகளில் இரண்டு வரியில் முடிந்துவிடும். அது எனக்கு உறுத்திக்கொண்டே இருக்கிறது. இந்த மாதம் முழுக்கதையையும் எழுதிவிட நினைக்கிறேன்.

ஜூன் 3, செவ்வாய்

பிறந்தது 1914-இல், ஸ்வீடனின் கோத்தன்பர்க் நகரத்து லிண்ட்ஹோல்மென் தளத்தில். கட்டச் சொன்னது ஹாம்பர்க்கைச் சேர்ந்த ஒரு ஜெர்மன் நிறுவனம். வட ஸ்வீடனில் ஓடும் ஓங்கர்மான் ஆற்றின் பெயரைத்தான் முதலில் வைத்தார்கள். நீளம் 230 அடி, 1,322 டன், வேகம் மணிக்குப் பத்து கடல் மைல். அன்றைய கணக்கிலும் சிறிய கப்பல்தான்.

எஞ்சின் அறையில் காலம் கழித்தவன் என்பதால் இதைச் சொல்லாமல் போக முடியவில்லை. உள்ளே இருந்தது மூன்று நிலை நீராவி எஞ்சின். பாய்லரிலிருந்து வரும் நீராவி முதலில் சிறிய சிலிண்டரைத் தள்ளும். அங்கே அழுத்தம் குறைந்ததும் அதைவிடப் பெரிய சிலிண்டருக்குப் போகும், பிறகு எல்லாவற்றிலும் பெரியதற்கு. ஒரே நீராவியிடம் மூன்று முறை வேலை வாங்கிவிட்டு, கண்டன்சரில் குளிரவைத்துத் தண்ணீராக்கி மறுபடி பாய்லருக்கே அனுப்புவார்கள். நிலக்கரி மிச்சம், நன்னீரும் மிச்சம். வழியில் கரியும் தண்ணீரும் நிரப்ப வழியில்லாத கடல்களுக்குச் சிறிய கப்பல்கள் துணிந்து போனதில் இந்த எஞ்சினுக்குப் பெரிய பங்கு உண்டு.

முதல் உலகப்போர் முடிந்ததும் ஜெர்மனி தன் வணிகக் கப்பல்களை ஒப்படைக்க வேண்டி வந்தது. வெர்சாய் ஒப்பந்தப்படி 1,600 டன்னும் அதற்கு மேலும் உள்ளவை எல்லாமே, 1,000 முதல் 1,600 டன் வரை உள்ளவற்றில் பாதி. நம் கப்பல் அந்தப் பாதியில் மாட்டிக்கொண்டது. பிரிட்டன் கைக்கு வந்து, 1921-இல் ஹட்சன்ஸ் பே கம்பெனி வாங்கி, பேச்சிமோ என்று பெயர் மாற்றியது.

ஜூன் 6, வெள்ளி

முதலில் ஸ்காட்லாந்தின் ஆர்ட்ராசன் துறைமுகம்தான் அதற்கு வீடு. மேற்கு ஆர்க்டிக் கரைக்குச் சரக்குக் கொண்டுபோன லேடி கிண்டர்ஸ்லி என்ற கம்பெனிக் கப்பல் 1924-இல் அலாஸ்காவின் பாயின்ட் பாரோ அருகே பனியில் சிக்கிப் போனது. அந்த வேலை பேச்சிமோவின் தலையில் விழுந்தது.

கோடையில் வான்கூவரில் சரக்கு ஏற்றி, பெரிங் நீரிணையைத் தாண்டி, பாயின்ட் பாரோவைச் சுற்றிக் கிழக்கே திரும்பி, கனடாவின் ஹெர்ஷல் தீவு, அதற்கும் அப்பால் விக்டோரியா தீவு வரை போக வேண்டும். அந்தக் கரையில் பனி விலகியிருப்பது சில வாரங்கள்தான். அதற்குள் போய், சரக்கு இறக்கி, தோல் ஏற்றி, திரும்பிவிட வேண்டும். போகும்போது மாவு, தேயிலை, சர்க்கரை, துப்பாக்கி, தோட்டா, பொறி. வரும்போது நரித் தோல், முக்கியமாக வெள்ளை நரி.

ஆர்க்டிக் பூர்வகுடிகளான இனூயிட் வேட்டைக்காரர்கள் சரக்கைக் கடனாக வாங்கி, குளிர்காலம் முழுக்கப் பொறி வைத்து, தோலாகக் கொடுத்துத் தீர்ப்பார்கள். தோலுக்கு விலை சொல்வது கம்பெனி, மாவுக்கு விலை சொல்வதும் கம்பெனி. கப்பலை நான் எவ்வளவு நேசித்தாலும் இந்தக் கணக்கை மறைத்து அதைப் பற்றி எழுத மாட்டேன். ஆண்டுக்கு ஒரு முறை வரும் கப்பல் வராவிட்டால் அந்தக் கரையில் என்ன பாடு என்பதும் அதே கணக்கில்தான் வருகிறது.

ஆபத்தும் சாதாரணமில்லை. அதே கம்பெனியின் பேஎஸ்கிமோ என்ற கப்பல் 1925-இல் பனியில் நொறுங்கியது. பேரூபர்ட் என்ற இன்னொன்று 1927-இல் கிழக்கே லாப்ரடார் கரையில் பாறையில் ஏறியது. பேச்சிமோ ஒவ்வோர் ஆண்டும் போய்த் திரும்பியது.

ஜூன் 10, செவ்வாய்

1931-இல் குளிர் முந்திக்கொண்டது. தோல் மூட்டைகளோடு திரும்பும் வழியில், அக்டோபர் 1-ஆம் தேதி, பாரோ அருகே கப்பல் பனியில் சிக்கியது. இடையில் ஒரு முறை விடுபட்டு, 8-ஆம் தேதி மறுபடி இறுகிவிட்டது. 15-ஆம் தேதி கம்பெனி விமானம் அனுப்பி 22 பேரை மீட்டது. அந்தக் காலத்தில், அந்த இடத்தில் விமானம் இறக்குவது பெரிய காரியம். கேப்டன் ஜான் கார்ன்வெலும் இன்னும் பதினான்கு பேரும் கப்பலைக் காக்க அங்கேயே தங்கி, கரைப்பக்கம் மரக்குடில் கட்டிக்கொண்டார்கள்.

நவம்பர் 24-ஆம் தேதி பெரும் பனிப்புயல். அது ஓய்ந்து பார்த்தால் கப்பல் இல்லை. உடைந்து மூழ்கிவிட்டது என்றுதான் கேப்டன் நினைத்தார். சில நாளில் சீல் வேட்டைக்குப் போன உள்ளூர்க்காரர் ஒருவர் வந்து, சுமார் 45 மைல் தள்ளிப் பார்த்ததாகச் சொன்னார். அவர் சொன்னதை நம்பித் தேடிப் போய், விலை உயர்ந்த தோல்களை மட்டும் எடுத்துக்கொண்டு கப்பலைக் கைவிட்டார்கள். இனி குளிர்காலத்தைத் தாங்காது என்பது அவர்கள் முடிவு.

ஜூன் 11, புதன்

அக்கா மகன் படித்துவிட்டுக் கேட்டான்: "மாமா, கப்பல்ல கட்டில் இருக்கு, அடுப்பு இருக்கு. எதுக்குக் கரையில போய்க் குடிசை போட்டாங்க?"

நல்ல கேள்வி. 1913-இல் இதே அலாஸ்காக் கரையில் கார்லக் என்ற கப்பலும் பனியில் சிக்கி மேற்கே இழுத்துச் செல்லப்பட்டது. 1914 ஜனவரியில் பனி நெருக்கி உடைத்ததில் மூழ்கியது. மீட்பு வருவதற்குள் பதினொரு பேர் இறந்துபோனார்கள். பனிக்குள் நிற்கும் கப்பலில் படுப்பது எவ்வளவு ஆபத்து என்று அந்தக் கடலுக்குப் போனவர்களுக்குத் தெரியும். அப்புறம் நிலக்கரி. குளிர்காலம் முழுக்கக் கப்பலைச் சூடாக வைத்திருந்தால், கோடையில் ஊர் திரும்ப என்ன மிஞ்சும்?

ஜூன் 15, ஞாயிறு

பேச்சிமோ மூழ்கவில்லை. 1933-இல் ஸ்காட்லாந்துத் தாவரவியலாளர் இசபெல் வைலி ஹட்சிசன் அதில் ஏறிப் பார்த்தார். அதே ஆண்டு அலாஸ்காவின் பூர்வகுடிகளான இனூபியாட் மக்கள் சிலர் அதில் ஏறியபோது புயல் பிடித்துக்கொள்ள, பத்து நாள் உள்ளேயே இருந்தார்கள் என்கிறார்கள். 1939-இல் கேப்டன் ஹியூ போல்சன் அதை மீட்கப் பார்த்தார், பனி விடவில்லை. 1962-இல் கயாக் என்ற சிறு துடுப்புப் படகில் போன இனூயிட் மக்கள் கண்டார்கள். கடைசியாக 1969-இல், பனியில் உறைந்த நிலையில்.

இதில் மாயம் ஒன்றும் தேவையில்லை. அலாஸ்காவுக்கு வடக்கே உள்ள போஃபோர்ட் கடலில் பனியும் நீரும் கடிகாரச் சுற்றில் மெல்லச் சுழல்கின்றன. பனிப்பாளத்தில் உறைந்த கப்பல் பாளத்தோடு நகரும், பனி விலகினால் காற்றோடு நகரும். அதனால்தான் திரும்பத் திரும்ப அலாஸ்காக் கரைப்பக்கமே தென்பட்டது. அது எங்கே இருக்கிறது என்று அதிகம் அறிந்தவர்கள் அந்தக் கரையிலேயே வாழ்ந்தவர்கள்தான். நான் வாசித்தவற்றில் கேப்டனுக்குப் பெயர் இருக்கிறது. கப்பல் இருக்கும் இடத்தைச் சொன்னவர் வெறும் 'வேட்டைக்காரர்'. இது எனக்குப் பொறுக்கவில்லை.

2006-இல் அலாஸ்கா அரசு கப்பலைத் தேடும் முயற்சியைத் தொடங்கியது. கம்பெனியின் பழைய ஆவணங்கள் 1974 முதல் கனடாவின் வின்னிபெக் நகரத்தில் இருக்கின்றன. 1994-இல் மனிடோபா மாகாணத்துக்கே சொந்தமாகிவிட்டதால், கடை மூடினாலும் அவற்றுக்கு ஒன்றும் ஆகாது. 1931 நவம்பரில் வந்து சொன்ன அந்த மனிதரின் பெயர் எந்தக் கடிதத்திலாவது பதிவாகியிருக்கிறதா என்று கேட்டு, நாளை காப்பகத்துக்கு எழுதப் போகிறேன்.