மண்சட்டியில் கருப்புக் கொண்டைக்கடலை: நான்காவது தடவை வெந்தது

குக்கரில் போட்டால் அரை மணி நேரத்தில் முடிகிற வேலைதான். ஆனால் பாதிக் கடலை தோலுரிந்து கிடக்கும், தண்ணீரும் கலங்கிவிடும். எனக்குக் கடலை முழுசாக வேண்டும், ரசம் வைக்கத் தெளிந்த கருஞ்சிவப்புத் தண்ணீரும் வேண்டும்.

முதல் தடவை அவசரத்தில் புளியைச் சீக்கிரம் ஊற்றிவிட்டேன். அது என் தப்பு. இரண்டாவது தடவை புளியே காட்டவில்லை, இரண்டரை மணி நேரம் கொதித்தும் கடித்தால் நடுவில் 'நறுக்'. பழைய சரக்கு என்று கடைக்காரரிடம் சண்டைக்குப் போனேன். "போன வாரம் பிரிச்ச மூட்டை சார்" என்றார். நம்பாமல் வேறு கடையில் வாங்கினேன். அதுவும் அப்படியே.

அப்புறம்தான் வெந்நீர்ப் பாத்திரத்தின் அடியில் படிந்திருந்த வெள்ளை உப்புப் பொருக்கு கண்ணில் பட்டது. எங்கள் வீட்டில் போர் தண்ணீர். அதிலுள்ள கால்சியம் கடலையைக் கெட்டியாகப் பிடித்துவைக்கும் பெக்டின் என்ற பசையோடு பிணைந்து இறுக்கிவிடும். உப்பிலுள்ள சோடியம் அந்த இடத்தைப் பிடித்தால் இளகும். சரி என்று கேன் தண்ணீர் ஒரு லிட்டரில் 15 கிராம் கல்லுப்பு கரைத்து, 250 கிராம் கடலையை ராத்திரி முழுக்க ஊற வைத்தேன். ஊறின தண்ணீரைக் கொட்டிவிட்டு, வேக வைத்ததும் கேன் தண்ணீரில்தான். "காசு குடுத்து வாங்குற தண்ணியில கடலை ஊறப் போடுற ஆளை இப்பதான்டா பாக்குறேன்" என்றார் அம்மா. உப்பு போட்டால் வேகாது என்பதும் அவர் கட்சிதான். ஆப்பசோடா போடச் சொன்னார். எனக்கு அந்தச் சோப்பு வாடை ஆகாது.

சின்ன பர்னர், சிறு தீ, மூடி பாதி திறந்து. தண்ணீர் வற்றினால் வெந்நீர் மட்டும். ஒன்றேகால் மணி நேரத்தில் கரண்டியில் நாலு கடலை எடுத்து ஊதினேன், தோல் சுருங்கியது. விரலால் நசுக்கினால் வெண்ணெய். அடுப்பை அணைத்த பிறகும் சட்டி கொஞ்ச நேரம் தளதளத்துக்கொண்டே இருந்தது. மானாமதுரைச் சட்டி, பழக்க மூன்று நாள் பிடித்தது. இதே அளவில் இன்னொன்று வாங்க வேண்டும், தைக்குள் மொச்சையையும் பார்த்துவிட.

ஒரு குறை. தண்ணீரையும் உப்பையும் ஒன்றாக மாற்றிவிட்டேன், எது வேலை செய்தது என்று பிரித்துச் சொல்ல முடியாது. அடுத்த ஞாயிறு கேன் தண்ணீரில் உப்பில்லாமல் ஒரு கிண்ணம், போர் தண்ணீரில் உப்போடு ஒரு கிண்ணம். ரசம் இன்னும் வைக்கவில்லை. தாளிக்கும் முன்பே அம்மா பாதிக் கடலையை முடித்துவிட்டார்.